சேவை என்ற சொல்லும் கஞ்சிப்பாசியும்

தமிழில் ‘சேவை’ என்ற சொல் படும் பாட்டைக் கொஞ்சம் கவனித்துப் பாருங்கள். சான்றிதழ் வாங்க இ-சேவை மையம். வங்கியில் சேவைக் கட்டணம். நுகர்வோர் நீதிமன்றத்தில் சேவைக் குறைபாடு. வைணவ வீடுகளில் பெருமாளைச் சேவிப்பது என்றால் கண்டு வணங்குவது. அங்கே சேவை சாதிப்பவர் கடவுள், பெற்றுக்கொள்பவர் பக்தர். சமையலறைக்கு வந்தால் அது வேகவைத்த அரிசி மாவை நாழியில் இட்டுப் பிழிவது. பிழிந்து முடிப்பதற்குள் மணிக்கட்டு விட்டுப்போகும், சாப்பிடுகிறவர்கள் பத்து நிமிடத்தில் எழுந்து போய்விடுவார்கள். ஏற்கெனவே இருக்கும் இந்த நெரிசலுக்குள் இன்னொரு பொருளும் வந்து சேர்ந்திருக்கிறது. பாடநூல்களும் அரசு அறிக்கைகளும் ‘சூழல்மண்டலச் சேவைகள்’ என்கின்றன. காடு மழைநீரைப் பிடித்து வைப்பது, தேனீ மகரந்தம் சுமப்பது, சதுப்புநிலம் வெள்ளத்தை வாங்கிக்கொள்வது, அலையாத்தி வேர்கள் கரையைப் பிடித்து நிற்பது எல்லாம் இயற்கை மனிதருக்குச் செய்யும் சேவைகளாம்.

இந்தச் சொற்சேர்க்கை 1981இல் பால் எர்லிக், ஆன் எர்லிக் இணையர் உயிரின அழிவு பற்றி எழுதிய நூலின் வழியே புழக்கத்துக்கு வந்தது. அதன் நோக்கத்தை நான் குறை சொல்லவில்லை. ஒரு தவளை இனம் அழிகிறது என்றால் அசையாத அமைச்சர், அதனால் இவ்வளவு நட்டம் என்று சொன்னால் அசைவார் என்பது அறிவியலாளர்களின் நம்பிக்கை. 2005இல் 1,300க்கும் மேற்பட்ட வல்லுநர்கள் சேர்ந்து உருவாக்கிய புத்தாயிரச் சூழல்மண்டல மதிப்பீடு, சேவைகளை நான்காகப் பகுத்தது: உணவும் நீரும் மரமும் தருகிற வழங்கல் சேவைகள், வெள்ளத்தையும் நோயையும் மட்டுப்படுத்துகிற ஒழுங்குபடுத்தல் சேவைகள், அழகும் ஆன்மிகமும் சார்ந்த பண்பாட்டுச் சேவைகள், இவை அத்தனைக்கும் அடியில் மண்ணாக்கம், சத்துச் சுழற்சி போன்ற தாங்குதல் சேவைகள்.

ஆனால் ஒரு தமிழாசிரியையின் காதுக்கு இது உறுத்துகிறது. பிறருக்காகச் செய்யப்படும் வேலைக்குத் தமிழில் எத்தனை சொற்கள் இருக்கின்றன! ஏவல், குற்றேவல், ஊழியம், தொண்டு, பணிவிடை. ஏவலில் ஏவுகிற ஒருவர் இருந்தே ஆக வேண்டும். ஊழியம் என்ற சொல்லுக்குள், திருவிதாங்கூரில் ஒடுக்கப்பட்ட சாதியாரிடமிருந்து கூலியின்றிப் பிடுங்கப்பட்ட உழைப்பின் வரலாறு இருக்கிறது. தொண்டு என்பது அடியார் விரும்பி ஏற்பது, ஆனாலும் ஆண்டவன் மேலே, அடியார் கீழே. பணிவிடையோ நோயாளியின் கட்டிலருகிலும் கணவனின் காலடியிலும் கிடக்கிற சொல், அதன் எழுவாய் பெரும்பாலும் பெண்தான். இந்த வரிசையில் சமமான இருவருக்கிடையே நடக்கும் வேலையைக் குறிக்க ஒரு சொல்கூட இல்லை. ‘சேவை’ இவை எல்லாவற்றையும் துடைத்து மினுக்கி, கூச்சம் இல்லாமல் பேச வசதியாக்கிக் கொடுக்கிறது. இயற்கை சேவை செய்கிறது என்று எழுதும்போது யாருக்கு, யார் ஏவி, எவ்வளவு நேரம், ஓய்வு உண்டா என்ற கேள்விகள் எழுவதில்லை. ‘எங்கம்மா வேலைக்குப் போகல, வீட்ல சும்மாதான் இருக்காங்க’ என்று மாணவர்கள் சொல்லும்போதும் இதே கேள்விகள்தான் எழாமல் போகின்றன.

இந்த ஒப்புமை என் கற்பனை இல்லை, கணக்கேடுகளில் இருப்பது. 1995ஆம் ஆண்டின் ஐ.நா. மனிதவள மேம்பாட்டு அறிக்கை, உலகில் கூலி தரப்படாத, குறைத்து மதிப்பிடப்பட்ட உழைப்பின் மதிப்பு ஆண்டுக்கு 16 டிரில்லியன் டாலர் என்றும், அதில் 11 டிரில்லியன் பெண்களுடையது என்றும் கணித்தது. இரண்டே ஆண்டுகள் கழித்து, 1997இல் ‘நேச்சர்’ இதழில் ராபர்ட் காஸ்டன்சாவும் உடன் ஆய்வாளர்களும் உலகச் சூழல்மண்டலங்களின் 17 வகைச் சேவைகளுக்கு ஆண்டுக்குச் சராசரியாக 33 டிரில்லியன் டாலர் என்று விலை போட்டார்கள். அன்று உலக நாடுகளின் மொத்த உற்பத்தியே ஏறக்குறைய 18 டிரில்லியன்தான். இரண்டு எண்களும் ஒரே திகைப்பை உண்டாக்கின, இரண்டும் ஒரே வேகத்தில் மறக்கப்பட்டன. இரண்டையும் சேர்த்துப் படித்தவர் ஒரு பெண். நியூசிலாந்து நாடாளுமன்ற உறுப்பினராக இருந்து தேசியக் கணக்குகளை உள்ளிருந்து பார்த்த மேரிலின் வாரிங், 1988இல் வெளியிட்ட நூலில், நாடுகளின் கணக்குமுறை பெண்ணின் வீட்டு உழைப்பையும் விற்கப்படாத இயற்கையையும் ஒரே விதமாகத்தான் பூஜ்ஜியமாக்குகிறது என்று காட்டினார். கணக்கின்படி நிற்கும் மரத்துக்கு மதிப்பில்லை, வெட்டினால் உண்டு. தாய்ப்பாலுக்கு மதிப்பில்லை, டப்பா மாவுக்கு உண்டு.

அப்படியானால் கணக்கில் சேர்த்துவிட்டால் போதுமா? நம் நாட்டிலேயே சேர்த்துப் பார்த்திருக்கிறார்கள். வீட்டுப் பெண்ணின் உழைப்புக்கு இந்தியாவில் முறையாக விலை குறிக்கப்படும் இடம் எது தெரியுமா? இழப்பீட்டு வழக்குகள். மோட்டார் வாகனச் சட்டத்தின் இரண்டாம் அட்டவணை, வருமானம் இல்லாத மனைவி விபத்தில் இறந்தால் அவளுடைய வருமானமாகக் கணவனின் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கை வைத்துக்கொள்ளச் சொன்னது. 2001இல் லதா வாத்வா வழக்கில் உச்ச நீதிமன்றம், தீ விபத்தில் இறந்த இல்லத்தரசிகளின் சேவைக்கு மாதம் 3,000 ரூபாய் மதிப்பிட்டது. 2010இல் அருண்குமார் அகர்வால் வழக்கில், இல்லத்தரசிகளைப் பிச்சைக்காரர்களோடும் கைதிகளோடும் ஒரே பிரிவில் வைத்த மக்கள்தொகைக் கணக்கெடுப்பு முறையை நீதிபதி கங்குலி கடிந்தார். நல்ல தீர்ப்புகள்தாம். ஆனால் விலைச்சீட்டு எழுதப்பட்டது அவள் செத்த பிறகு, பணம் போய்ச் சேர்ந்தது உயிரோடு இருப்பவர்களிடம்.

காட்டுக்கும் இதே நடைமுறைதான். வனநிலத்தைச் சுரங்கத்துக்கோ அணைக்கோ சாலைக்கோ மாற்றும்போது நிறுவனம் ‘நிகர தற்கால மதிப்பு’ என்ற தொகையைக் கட்ட வேண்டும். அந்தக் காடு இனி தரமுடியாமல் போகிற சேவைகளின் விலை அது. 2008இல் உச்ச நீதிமன்றம் ஏற்ற கணக்கின்படி ஹெக்டேருக்கு 4.38 லட்சம் முதல் 10.43 லட்சம் ரூபாய். காடு காடாக நிற்கிற வரை இந்தத் தொகையில் ஒரு காசு அதற்கோ, அதில் தேனும் கிழங்கும் எடுக்கிற பழங்குடிப் பெண்ணுக்கோ வராது. வெட்ட அனுமதி கிடைத்த அன்று அந்த மதிப்பு பிறக்கிறது. பிறந்து, அரசின் நிதிக்குப் போகிறது. அந்த விலைச்சீட்டு வெட்டுவதற்கான அனுமதிச்சீட்டாகவும் ஆகிவிடுகிறது.

இந்தக் கதையில் எனக்கு ஆகச் சுவையான பகுதி அந்த நான்காவது வகை, தாங்குதல் சேவைகள். மண் உண்டாவது, சருகு மட்குவது, சத்துகள் சுழல்வது. 2005க்குப் பின் வந்த வகைப்பாடுகள் பலவும் இதை வரிசையிலிருந்து எடுத்துவிட்டன. காரணம், இரட்டைக் கணக்கு வந்துவிடுமாம். மண்ணாக்கத்தின் பயன் நெல்லின் விலைக்குள் ஏற்கெனவே வந்துவிட்டது, தனியாக எழுதினால் இருமுறை எண்ணியதாகும். பொருளியல்படி பிழையில்லாத வாதம். பெண்ணியம் படித்தவர்களுக்கு இது எங்கேயோ கேட்ட குரலாக இருக்கும். கணவன் காலையில் சட்டை மடிப்புக் கலையாமல் வேலைக்குப் போகிறான், அவன் சம்பளத்துக்குள் மனைவியின் உழைப்பு வந்துவிட்டதே, தனியாக ஏன் எழுத வேண்டும்? எல்லாவற்றையும் தாங்குகிற வேலை எதுவோ அதுதான் முதலில் பட்டியலிலிருந்து விழுகிறது. 2019இல் இந்தியாவில் எடுக்கப்பட்ட நேரப் பயன்பாட்டு ஆய்வில், கூலியற்ற வீட்டு வேலையில் ஈடுபடும் பெண்கள் சராசரியாக நாளொன்றுக்கு 299 நிமிடங்களும் ஆண்கள் 97 நிமிடங்களும் செலவிட்டார்கள். அந்த 299 நிமிடங்களும் தாங்குதல் சேவைகள்தாம்.

‘சேவை’ சரியில்லை என்று அறிவியலாளர்களுக்கும் தோன்றியிருக்கிறது. பல்லுயிரியத்துக்கான பன்னாட்டு அரசுகளின் அறிவியல் மன்றம் 2018 வாக்கில் அதை விட்டு ‘மக்களுக்கு இயற்கையின் பங்களிப்புகள்’ என்ற தொடருக்கு வந்தது. பழங்குடிகளின் அறிவுக்கும் பிற உலகப்பார்வைகளுக்கும் இடம் தர வேண்டும் என்ற நல்லெண்ணம் அதில் உண்டு. அடுத்த ஆண்டு, சுமார் பத்து லட்சம் உயிரினங்கள் அழிவை எதிர்நோக்குகின்றன என்று எச்சரித்ததும் இதே மன்றம்தான். ஆனால் ‘பங்களிப்பு’ நமக்குத் தெரியாத சொல்லா? ‘குடும்பத்துக்குப் பெண்களின் பங்களிப்பு மகத்தானது’ என்று மகளிர் தின மேடையில் பேசுகிறவர், பங்கு கேட்டு அக்கா தங்கை வந்து நின்றால் என்ன பேசுவார் என்பது நம் ஊரில் எல்லோருக்கும் தெரியும். தமிழ்நாடு 1989இலேயே மகள்களுக்குக் கூட்டுக் குடும்பச் சொத்தில் சம உரிமை கொடுத்து மத்திய அரசுக்குப் பதினாறு ஆண்டுகள் முன்னால் நின்றது. ஆனாலும் பத்திரப் பதிவு அலுவலகத்தில் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட வரிசையில் நிற்பவர்கள் யார்? 2023 செப்டம்பரில் தொடங்கிய மாதம் ஆயிரம் ரூபாய்த் திட்டத்துக்கு உதவி என்றோ நிவாரணம் என்றோ பெயர் வைக்காமல் ‘உரிமைத் தொகை’ என்று வைத்ததை இந்த வகையில் முக்கியமாக நினைக்கிறேன். தொகை சிறியது. பெயரில் உரிமை இருந்தாலும் விண்ணப்பத்தில் தகுதி கேட்கிறார்கள். இருந்தும் அந்தச் சொல் ஒரு வாசலைத் திறந்து வைத்திருக்கிறது, கொடுப்பவரின் பெருந்தன்மையைப் பற்றி அது பேசவில்லை.

இங்கே கவிஞர்களாகிய நாம் அவசரமாக உள்ளே நுழைந்து ‘பெண்ணே பூமி, பூமியே பெண்’ என்று முழங்கிவிடும் ஆபத்து இருக்கிறது. ஆறு தாய், மலை தாய், மண் தாய். வந்தனா சிவாவின் 1988ஆம் ஆண்டு நூல் பெண்ணுக்கும் இயற்கைக்கும் உள்ள நெருக்கத்தை அரசியலாக்கியது, அதன் பயன் பெரிது. ஆனால் 1992இல் பீனா அகர்வால் எழுப்பிய மறுப்பு எனக்கு அதைவிட உதவுகிறது. அந்த நெருக்கம் கருப்பையிலிருந்து வரவில்லை, விறகும் நீரும் சேகரிப்பது யார், நிலம் யார் பெயரில் இருக்கிறது என்ற பிரிவினையிலிருந்து வருகிறது என்றார் அவர். ஆலை முதலாளியின் மனைவிக்கும் பாசி எடுக்கும் பெண்ணுக்கும் கடலோடு ஒரே உறவு இருக்க முடியாது. தாய் என்று சொல்லிவிட்டால் இந்த வேறுபாடு மறைந்துவிடும். தாய்க்குக் கூலி கேட்பதும் கொச்சையாகிவிடும்.

முதுகலை வகுப்பில் நற்றிணை 172ஆம் பாட்டை நடத்தும்போது மாணவிகள் முகம் மலர்வதை ஒவ்வோர் ஆண்டும் பார்க்கிறேன். சிறுமியர் விளையாட்டில் மணலில் புதைத்த புன்னைக்கொட்டை முளைத்துவிடுகிறது, நெய்யும் பாலும் ஊற்றி வளர்க்கிறார்கள், அந்த மரம் உங்களுக்கு உடன்பிறந்தவள் என்று தாய் சொல்கிறாள். அதன் நிழலில் காதலனோடு சிரித்துப் பேச நாணமாக இருக்கிறது என்கிறது பாட்டு. சூழலியல் மேடைகளில் இப்பாட்டை எடுத்துக்காட்டி, தமிழர் மரத்தைச் சகோதரியாகப் பார்த்தவர்கள் என்று முடித்துவிடுவார்கள். நான் அங்கே முடிப்பதில்லை. உடன்பிறந்தவள் என்றால் கண்காணிப்பும் சேர்ந்தே வருகிறது. அம்மாவின் குரல் அந்த மரத்துக்குள் ஏறி நிற்கிறது, வேறு நிழலுக்குப் போகலாம் என்று அவள் சொல்ல நேர்கிறது. ஆனாலும் அந்தப் பாட்டில் ‘சேவை’ இல்லாத ஒன்று இருக்கிறது. மரத்தின் முன்னிலையில் மனிதர் தம் நடத்தையை மாற்றிக்கொள்கிறார்கள். நிழலை வாங்கிக்கொண்டு போவதோடு அது முடிவதில்லை. தொல்காப்பியம் கருப்பொருள்களை எண்ணும்போது தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை ஆகியவற்றோடு மனிதர் செய்யும் தொழிலையும் ஒரே வரிசையில்தான் வைக்கிறது. நெய்தல் என்றால் கடலும் புன்னையும் மட்டும் இல்லை, காயவைத்த மீனைப் பறவை கொத்தாமல் காவல் காக்கும் பெண்ணும் சேர்ந்ததுதான். உரையாசிரியர்கள் அவளைப் பின்னணியாக்கியது வேறு கதை.

நெய்தலில் இன்றும் அந்தப் பெண் இருக்கிறாள். பாம்பனுக்கும் தூத்துக்குடிக்கும் இடையே மன்னார் வளைகுடாவில் 21 தீவுகள். அவற்றைச் சுற்றிப் பவளப்பாறைகள், கடற்புல் வெளிகள், ஆவுளியா மேயும் ஆழமற்ற நீர். மண்டபம், பாம்பன், சின்னப்பாலம் பகுதிகளின் பெண்கள் தலைமுறைகளாக இங்கே மூழ்கிக் கடற்பாசி எடுக்கிறார்கள். கண்ணில் நீர்க்கண்ணாடி, விரல்களில் சுற்றிய துணி, இடுப்பில் வலைப்பை. மூச்சைப் பிடித்துக்கொண்டு இறங்கி, பாறையிலிருந்து கையால் பறித்து மேலே வருவார்கள். அவர்கள் பறிப்பவற்றின் பெயர்களைக் கேளுங்கள்: மரிக்கொழுந்துப் பாசி, கஞ்சிப்பாசி, பக்கோடாப் பாசி, கட்டைக்கோரை. தலையில் சூடுவதும் அடுப்பில் கொதிப்பதும் எண்ணெயில் பொரிவதுமாகக் கடலின் அடித்தளத்தில் ஒரு வீடு. வேறொரு பட்டியலில் இவை ‘வழங்கல் சேவை’ என்ற ஒற்றை வரி.

மரிக்கொழுந்திலிருந்தும் கஞ்சிப்பாசியிலிருந்தும் அகர் எடுக்கிறார்கள். ரம்ஜான் நோன்பு மாதத்தில் இஸ்லாமிய வீடுகளில் பாலும் சர்க்கரையும் சேர்த்து உறையவைக்கும் ‘கடல்பாசி’ அதுதான். உலகெங்கும் ஆய்வகத் தட்டுகளில் நுண்ணுயிர் வளர்க்கும் கூழும் அதுதான். இந்த இரண்டாவது பயன்பாடு ஒரு சமையலறையிலிருந்து போனது. ராபர்ட் கோக்கின் ஆய்வகத்தில் வேலை செய்த வால்தர் ஹெஸ்ஸவுக்கு, வெயிலில் உருகிவிடும் ஜெலட்டினுக்குப் பதிலாக அகரைப் பயன்படுத்தலாம் என்று 1881இல் சொன்னவர் அவர் மனைவி ஃபேனி ஹெஸ்ஸ. ஜாவாவில் வாழ்ந்திருந்த பக்கத்து வீட்டுக்காரரிடமிருந்து அவர் கற்ற சமையல் நுட்பம் அது. மறு ஆண்டு காசநோய்க் கிருமி பற்றிய புகழ்பெற்ற கட்டுரையில் கோக் அகரைக் குறிப்பிட்டார், ஃபேனியைக் குறிப்பிடவில்லை.

1986இல் இத்தீவுகளும் சுற்றியுள்ள கடலும் சேர்ந்து 560 சதுர கிலோமீட்டர் கடல் தேசியப் பூங்கா ஆனது. பாதுகாப்பு தேவைப்பட்டது என்பதில் எனக்கு ஐயமில்லை. சுண்ணாம்புக்காகவும் கட்டுமானத்துக்காகவும் பவளப்பாறைகள் ஆண்டுக்கணக்கில் வெட்டி எடுக்கப்பட்டதில் பூவரசன்பட்டி, விலங்குசல்லி என்ற இரண்டு தீவுகள் கடலுக்குள் போயின. ஆனால் வேலி போட்டபோது அதன் தவறான பக்கத்தில் நின்றவர்கள் பாசி எடுக்கும் பெண்கள். தீவுப் பக்கம் போனால் அத்துமீறல் ஆயிற்று. மீனவர் என்ற அடையாளமும் அவர்களுக்கு எளிதில் கிடைக்கவில்லை. மீனவர் என்றால் வலையோடு படகில் நிற்கும் ஆண் என்றுதான் சொல்லே பழகியிருக்கிறது.

இதே காலத்தில் இன்னொரு பாசிக்குச் சிவப்புக் கம்பளம் விரிக்கப்பட்டது. பிலிப்பைன்ஸ் பகுதியைச் சேர்ந்த கப்பாஃபைகஸ் என்ற பாசி, ஆய்வுக்காக மண்டபத்துக்குக் கொண்டுவரப்பட்டு, 2000க்குப் பின் பெப்சிகோ நிறுவனத்தின் ஒப்பந்தத்தில் பாக் நீரிணைக் கரையில் மூங்கில் மிதவைகளில் வளர்க்கப்பட்டது. இதிலும் வேலை செய்தவர்களில் பெண்கள் நிறைய, வருமானமும் வந்தது, அதை மறுக்கக் கூடாது. ஆனால் 2008இல் குருசடைத் தீவின் உயிருள்ள பவளங்கள்மீது அது படர்ந்து மூடியிருப்பதை ஆய்வாளர்கள் ‘கரண்ட் சயின்ஸ்’ இதழில் பதிவு செய்தார்கள். கையால் பாசி பறித்தவர் பல்லுயிர்க்கு அச்சுறுத்தல். வெளியிலிருந்து வந்து பவளத்தை மூடிய பாசி வாழ்வாதாரத் திட்டம். சேவைக் கணக்கில் இரண்டும் டன்களாகத்தான் தெரியும், யார் கை, எந்தப் பாறை என்பது அதில் தெரியாது.

பாசி எடுக்கும் பெண்கள் என்ன செய்தார்கள்? சங்கமாகக் கூடினார்கள், அடையாள அட்டை கேட்டார்கள், வனத்துறையோடும் பேசினார்கள். பாறையைச் சுரண்டும் இரும்புக் கருவிகளைக் கைவிட்டு விரலால் மட்டும் பறிப்பது என்று முடிவெடுத்தார்கள். மாதத்தில் 12 நாட்கள்தான் கடலில் இறங்குவது, ஏப்ரல், மே மாத இனப்பெருக்கப் பருவத்தில் அறவே போவதில்லை என்று தங்களுக்குத் தாங்களே வரம்பு வைத்துக்கொண்டார்கள். அவர்களை வழிநடத்திய சின்னப்பாலம் லட்சுமி மூர்த்தி 2015இல் அமெரிக்காவின் சீக்காலஜி அமைப்பின் விருதைக் கலிபோர்னியாவில் பெற்றபோதுதான் நம் செய்தித்தாள்கள் இந்தப் பெண்கள் பக்கம் திரும்பின.

அந்த 12 நாள் முடிவைத்தான் நான் திரும்பத் திரும்ப வாசிக்கிறேன். காஸ்டன்சாவின் 17 வகைகளிலும் புத்தாயிர மதிப்பீட்டின் நான்கு வகைகளிலும் அதை வைக்க இடம் தேடினேன். பாசி வளர்வது சேவை, பாசி எடுப்பது பயன். எடுக்காமல் இருப்பது? அது ஒரு வேலை என்பதற்கு அங்கே பெயர் இல்லை. பவளம் வெளிறியபோது, 2010இலும் 2016இலும் இந்த வளைகுடாவில் நடந்ததுபோல, அதைக் கடலின் வேலைநிறுத்தம் என்று எழுதக் கை துறுதுறுக்கிறது. எழுத மாட்டேன், கடல் சூடேறிப் பவளம் சாவது யாருடைய போராட்டமும் இல்லை. ஐஸ்லாந்துப் பெண்கள் 1975 அக்டோபர் 24 அன்று வீட்டிலும் அலுவலகத்திலும் வேலையை நிறுத்தினார்கள், பத்தில் ஒன்பது பேர். அது போராட்டம். கடலால் அப்படி நிறுத்த முடியாது. அதற்காக நிறுத்த முடிந்தவர்கள், அதில் மூழ்கி எழுகிறவர்கள்.

மீதிப் பதினெட்டு நாட்களுக்கு அவர்களுக்குப் பாசி வருமானம் கிடையாது. உயிர்க்கோளக் காப்பகத்தின் அறிக்கைகளில் அந்தப் பதினெட்டு நாட்களை அவர்கள் பெயரில் எழுத ஒரு பத்தி வேண்டும். மேலாண்மைக் குழுக்களில், பயனாளிகளாக இல்லாமல், இந்த மாதம் எத்தனை நாள் இறங்கலாம் என்று சொல்கிறவர்களாக அவர்களுக்கு நாற்காலி வேண்டும். அதுவரை, தேர்வுத் தாளில் ‘சூழல்மண்டலச் சேவைகள் யாவை?’ என்று வந்தால் என் மாணவிகள் நான்கு வகைகளையும் எழுதிவிட்டு, ஐந்தாவதாகக் கஞ்சிப்பாசியைப் பற்றியும் எழுதட்டும். மதிப்பெண்ணை நான் பார்த்துக்கொள்கிறேன்.